பனிமூட்டத்தில் கிளம்பிய இரண்டு சிறுவர்கள்... ஒரு நாட்டையே படிக்க வைத்த பிரெஞ்சுப் பயணக் கதை!

பிரான்ஸின் கிழக்கு ஓரத்தில், வோஜ் மலைத்தொடரை ஒட்டி இருக்கிறது ஃபால்ஸ்பூர் என்ற சின்ன ஊர். ஸ்ட்ராஸ்பூர் நகரத்திலிருந்து சவெர்ன் வரை ரயிலில் வந்து, அங்கிருந்து மலைச்சாலையில் ஏறினால் ஊர் வந்துவிடும். ஊரின் நடுவே பெரிய சதுக்கம் ஒன்று, அதில் நெப்போலியன் காலத்துத் தளபதி ஒருவரின் சிலை, சுற்றிலும் பழைய வீடுகள். ஒரு மணி நேரத்தில் முழு ஊரையும் நடந்தே பார்த்துவிடலாம்.

ஆனால், ஊரின் எல்லையில் இருக்கும் ஒரு பழைய கல் வாசலை மட்டும் பிரெஞ்சுக்காரர்கள் சட்டென்று கடந்து போவதில்லை. அதன் பெயர் 'பிரான்ஸ் வாசல்'. ஊரின் மறுபக்கம் இருப்பது 'ஜெர்மனி வாசல்'. 17-ம் நூற்றாண்டில் வோபான் என்ற ராணுவப் பொறியாளர் கட்டிய கோட்டையில் இன்று மிஞ்சியிருப்பவை இந்த இரண்டு வாசல்கள்தான் என்று சொல்லலாம்.

இந்த பிரான்ஸ் வாசல் வழியாகத்தான், செப்டம்பர் மாதத்தில் ஓர் இரவு, அடர்ந்த பனிமூட்டத்துக்குள் இரண்டு சிறுவர்கள் கைகோத்தபடி வெளியேறினார்கள். அண்ணன் ஆந்த்ரேவுக்கு 14 வயது. தம்பி ஜூலியனுக்கு 7 வயது. அம்மா ஏற்கெனவே இறந்துவிட்டார். தச்சுவேலை செய்த அப்பா சாரத்திலிருந்து விழுந்து இறந்துபோனார். தோளில் ஒரு மூட்டை, பையில் கொஞ்சம் காசு. அவ்வளவுதான் சொத்து.

இருவரும் நிஜத்தில் பிறந்தவர்கள் அல்ல. ஒரு பாடப் புத்தகத்தில் பிறந்தவர்கள். ஆனால், அவர்கள் பின்னாலேயே நடந்து போய் பிரான்ஸ் நாட்டை அறிந்துகொண்ட பிள்ளைகள் லட்சக்கணக்கானோர். புத்தகத்தின் பெயர், 'இரண்டு சிறுவர்களின் பிரான்ஸ் சுற்றுப்பயணம்'. வெளியான ஆண்டு 1877. உலகமே பார்க்கும் 'டூர் டி பிரான்ஸ்' சைக்கிள் பந்தயம் தொடங்குவதற்கு 26 ஆண்டுகள் முன்பு!

ஊர் அதே இடத்தில்... நாடு மட்டும் வேறு!

சின்னப் பிள்ளைகள் எதற்காக ராத்திரியில் ஊரைவிட்டுப் போக வேண்டும்?

1870-ல் பிரான்ஸுக்கும் பிரஷ்யாவுக்கும் போர் மூண்டது. ஃபால்ஸ்பூர் முற்றுகையிடப்பட்டது. நான்கு மாதம் தாக்குப்பிடித்த ஊர், டிசம்பரில் பணிந்தது. 1871 மே மாதம் ஃபிராங்க்ஃபர்ட் ஒப்பந்தம் கையெழுத்தானது. அதன்படி அல்சாஸ் பகுதியும் லொரேனின் ஒரு பாகமும் ஜெர்மனிக்குப் போயின. அதில் ஃபால்ஸ்பூரும் அடக்கம்.

மக்களுக்கு ஒரு வாய்ப்பு கொடுக்கப்பட்டது. பிரெஞ்சுக் குடிமக்களாகவே இருக்க விரும்புகிறவர்கள், 1872 அக்டோபர் 1-க்குள் அதை முறைப்படி தெரிவித்துவிட்டு இடம்பெயர வேண்டும். பெரியவர்களுக்கே இது கஷ்டம். அநாதைப் பிள்ளைகளுக்கு? அவர்களுக்காகப் பொறுப்பேற்க ஓர் உறவினர் வேண்டும், தாள்கள் வேண்டும், சாட்சிகள் வேண்டும்.

ஆந்த்ரேவுக்கும் ஜூலியனுக்கும் இருந்த ஒரே உறவு, அப்பாவின் உடன்பிறந்தவரான ஃப்ரான்ட்ஸ். அவர் இருப்பதோ நாட்டின் மறுகோடியில், மத்தியதரைக் கடலோரம் இருக்கும் மார்செய் துறைமுகத்தில். இன்றைய சாலைக் கணக்கில் சுமார் 800 கி.மீ. சாகும் நேரத்தில் அப்பாவுக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்ற, பிள்ளைகள் அவரைத் தேடிக் கிளம்புகிறார்கள்.

மலையில் உதவிய வகுப்பறை

முதல் அடைக்கலம், மரக்காலணி செய்யும் எத்தியேன் என்பவரின் வீட்டில் கிடைக்கிறது. அவர் அப்பாவின் நண்பர். வீட்டுக்காரம்மா பிள்ளைகளின் உடைகளைச் சரிசெய்து கொடுக்கிறார். எத்தியேன், தன் சிறுசேமிப்பிலிருந்து கொஞ்சம் பணத்தை அவர்களுக்குத் தெரியாமலேயே சேர்த்து வைக்கிறார்.

அடுத்து மலையைக் கடக்க வேண்டும். வழிகாட்டியாக வர வேண்டிய வனக்காவலர் ஃப்ரிட்ஸ், காலை முறித்துக்கொண்டு கட்டிலில் கிடக்கிறார். இனி என்ன செய்வது? ஆந்த்ரே அவரிடம் இருந்த வரைபடத்தை வாங்கி, உட்கார்ந்து நிதானமாகப் பார்க்கிறான். போக வேண்டிய பாதையைத் தாளில் வரைந்துகொள்கிறான். பள்ளிக்கூடத்தில் படித்த புவியியல் இப்போது உதவுகிறது.

இரவில் காட்டுப்பாதையில் நடக்கும்போது, சப்தரிஷி மண்டலத்தை வைத்து துருவ நட்சத்திரத்தைக் கண்டுபிடிப்பது எப்படி என்று தம்பிக்குச் சொல்லிக்கொடுக்கிறான். சற்று நேரத்தில் மேகம் இறங்கி எல்லாவற்றையும் மூடிவிடுகிறது. நட்சத்திரமும் இல்லை, பாதையும் இல்லை. ஒரு ஊசியிலை மரத்தடியில் தம்பியைத் தூங்க வைத்துவிட்டு அண்ணன் விழித்திருக்கிறான். மேகம் விலகியதும் மறுபடி நடை. விடியும்போது கால் பதிவது பிரான்ஸ் மண்ணில்.

இந்த ஒரு காட்சியிலேயே புத்தகத்தின் உத்தி தெரிந்துவிடும். பாடத்தைச் சொல்லிவிட்டு நடுவில் கதையைச் செருகவில்லை. பிள்ளைகளுக்கு ஓர் ஆபத்து வருகிறது, அதிலிருந்து தப்பிக்க ஒரு விஷயம் தெரிந்திருக்க வேண்டியிருக்கிறது, அதுதான் பாடம். 'ஜூலியன் தப்பிப்பானா?' என்ற பதற்றத்தோடு படிக்கும் குழந்தைக்குத் துருவ நட்சத்திரம் மறக்கவே மறக்காது.

எபினால் முதல் மார்செய் வரை

மோசெல் நதிக்கரையில் இருக்கும் எபினால், அச்சடித்த வண்ணப் படங்களுக்குப் பேர்போன ஊர். 1796-ல் பெலெரன் குடும்பம் தொடங்கிய அச்சகத்தின் படங்கள், பிரான்ஸின் குடிசைச் சுவர்களில்கூட ஒட்டப்பட்டிருந்தன. இன்று அங்கே படங்களுக்கென்றே ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. கதையில், கெர்ட்ரூட் என்ற மூதாட்டி இந்த ஊரில்தான் சிறுவர்களை வீட்டில் தங்க வைக்கிறார். பூட்டு வேலை கற்ற ஆந்த்ரே பட்டறைக்குப் போகிறான்; ஜூலியன் பள்ளிக்கூடம் போகிறான். வழிச்செலவுக்கான பணம் உழைப்பிலிருந்து வர வேண்டும் என்பதில் புத்தகம் கறாராக இருக்கிறது.

அங்கிருந்து ஜூரா மலைப்பகுதி. கெர்தால் என்ற வியாபாரியின் குதிரை வண்டியில் பயணம். இங்கே ஜூலியனை வியக்க வைப்பது பாலாடைக்கட்டி. இன்றும் ஜூரா போகிறவர்கள் தவறவிடாதது 'கோம்தே' பாலாடைக்கட்டிதான். சுமார் 40 கிலோ எடையுள்ள ஒரு வட்டுக்குக் கிட்டத்தட்ட 400 லிட்டர் பால் தேவை. ஒரு வீட்டின் நாலைந்து மாடுகள் கொடுக்கும் பாலில் இதைச் செய்ய முடியாது. அதனால் ஊரே பாலை ஒரே இடத்தில் ஊற்றி, கூட்டாகச் செய்து, லாபத்தைப் பங்கிட்டுக்கொள்ளும் வழக்கம் பல நூற்றாண்டுகளாக அங்கே இருக்கிறது. பால் கூட்டுறவு எப்படி வேலை செய்கிறது என்பதை 7 வயதுப் பையனின் கண் வழியாகப் புத்தகம் விளக்கிவிடுகிறது.

அடுத்து லெ க்ரூஸோ. ஷ்னைடர் குடும்பத்தின் மாபெரும் இரும்பு ஆலைகள் இருந்த நகரம். உலைகளின் நெருப்பு, உருகி ஓடும் இரும்பு, நிலக்கரிச் சுரங்கம் என்று குழந்தைகளுக்கு ஓர் அதிசய உலகம். புத்தகம் வெளிவந்த அதே காலத்தில் இங்கே கட்டப்பட்ட 100 டன் நீராவிச் சம்மட்டி, இப்போது ஊரின் நுழைவாயிலில் நினைவுச் சின்னமாக நிற்கிறது. இரும்பை நசுக்கும் அதே சம்மட்டியால் ஒரு கொட்டையை மெல்ல உடைத்துக் காட்டுவார்கள் என்று அந்தக் காலத்தில் பெருமையாகச் சொல்வதுண்டு.

லியோன் நகரத்தில் பட்டு. க்ருவா ரூஸ் மேட்டில், உயரமான கூரை கொண்ட வீடுகளில் தறிகள் ஓடிய தெருக்கள் இன்றும் அப்படியே இருக்கின்றன. துளையிட்ட அட்டைகளைக் கொண்டு பட்டில் பூ விழவைத்த ஜக்கார் இந்த ஊர்க்காரர். அவர் வாழ்க்கையும் புத்தகத்தில் வருகிறது. அந்தத் துளை அட்டை யோசனைதான் பின்னாளில் கணினிக்கு முன்னோடியாக அமைந்தது. க்ருவா ரூஸில் உள்ள நெசவாளர் அருங்காட்சியகத்தில் அந்தத் தறி ஓடுவதை நேரில் பார்க்கலாம்.

ஒருவழியாக மார்செய் வந்துசேர்ந்தால்... ஃப்ரான்ட்ஸ் அங்கே இல்லை! போர்தோ நகரத்துக்குப் போய்விட்டார். படிக்கும் குழந்தையின் வயிற்றில் புளியைக் கரைக்கும் திருப்பம் இது.

கால்வாயும் கடலும்

மார்செயிலிருந்து கப்பலில் செத் துறைமுகம். அங்கிருந்து தென் பிரான்ஸின் புகழ்பெற்ற 'கனால் து மிதி' கால்வாய் வழியே பயணம். மத்தியதரைக் கடல் பக்கத்தையும் துலூஸ் நகரத்தையும் இணைக்கும் இந்தக் கால்வாயின் நீளம் சுமார் 240 கி.மீ. இதற்காகத் தன் சொத்தையே செலவழித்த பியேர் போல் ரிக்கே, திறப்பு விழாவுக்குச் சில மாதங்கள் முன்பு 1680-ல் இறந்துபோனார். 1681-ல் கால்வாய் திறக்கப்பட்டது. இப்போது யுனெஸ்கோ பாரம்பர்யச் சின்னம். சரக்குப் படகுகள் போன வழியில் இன்று சுற்றுலாப் படகுகளும் கரையோரம் சைக்கிள்களும் போகின்றன.

போர்தோவில் ஃப்ரான்ட்ஸ் கிடைக்கிறார், உடல்நலம் குன்றிய நிலையில். அவர் தேறியதும் மூவரும் கப்பலில் வேலை செய்துகொண்டே அட்லாண்டிக் கரையோரமாக வடக்கே பயணிக்கிறார்கள். புயல், கப்பல் சேதம், உயிர்தப்பல், டன்கிர்க். பிறகு ஃபால்ஸ்பூருக்கே போய்த் தாள்களைச் சரிசெய்து, அப்பாவின் கல்லறையைப் பார்த்துவிட்டு, பாரிஸ் வந்து, கடைசியில் ஓர்லியான் பக்கம் போரில் பாழடைந்த ஒரு பண்ணையில் குடியேறுகிறார்கள். கோட்டையையோ புதையலையோ கண்டுபிடித்துக் கதை முடிவதில்லை. உழுது பயிரிட வேண்டிய நிலத்தில் முடிகிறது.

புத்தகத்துக்குப் பின்னால் ஒரு தாய்

அட்டையில் இருந்த பெயர் 'ஜி. புரூனோ'. 1600-ல் ரோமில் எரித்துக் கொல்லப்பட்ட சிந்தனையாளர் ஜியார்டானோ புரூனோவை நினைவூட்டும் பெயர். அதற்குப் பின்னால் இருந்தவர், 1833-ல் பிறந்த ஒகுஸ்தீன் ஃபூயே என்ற பெண்மணி.

அவருடைய வாழ்க்கையே தப்பித்தலின் கதை. இளம் வயதில் நடந்த திருமணத்தில் கணவரின் கொடுமை தாங்காமல், சிறு மகனைத் தூக்கிக்கொண்டு வெளியேறியவர் அவர். பிரான்ஸில் 1816-ல் விவாகரத்து தடைசெய்யப்பட்டிருந்தது. பிறகு தத்துவ அறிஞர் ஆல்ஃபிரெட் ஃபூயேவுடன் பல ஆண்டுகள் வாழ்ந்தார். சட்டம் அவரை மனைவியாக ஏற்கவில்லை. 1884-ல் விவாகரத்து மீண்டும் சட்டமான பிறகே, 1885-ல் அவர்களால் திருமணம் செய்துகொள்ள முடிந்தது. அவர் தூக்கிக்கொண்டு வந்த அந்த மகன், ழான் மரி குய்யோ, பின்னாளில் பெயர் பெற்ற தத்துவ அறிஞரானார். 33 வயதில் இறந்துபோனார்.

நாடெங்கும் பிள்ளைகளுக்கு ஒழுக்கமும் கடமையும் சொல்லிக்கொடுத்த புத்தகம் அது. அதை எழுதியவரின் குடும்ப நிலை வெளியே தெரிந்திருந்தால், அந்தக் காலத்தில் எத்தனை பள்ளிகள் அதை வாங்கியிருக்கும்? புனைபெயர் அவருக்குத் தேவைப்பட்டது. கையில் தாள்கள் சரியாக இல்லாதவர்களின் பயம் எப்படியிருக்கும் என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது. கதையில் சிறுவர்கள் போகும் ஊரிலெல்லாம் நற்சான்றுத் தாள்களைப் பொக்கிஷம்போலப் பாதுகாப்பதைப் படிக்கும்போது இது நினைவுக்கு வராமல் இருக்காது.

அந்தக் காலத்தின் பயணக் கதைகள்

இந்த வகை எழுத்து திடீரென்று வந்துவிடவில்லை. 1864-ல் பதிப்பாளர் ஹெட்ஸெல், கல்வியாளர் ழான் மாசேயுடன் சேர்ந்து பிள்ளைகளுக்காக ஓர் இதழ் தொடங்கினார். அதன் பெயரிலேயே 'கல்வி'யும் 'பொழுதுபோக்கு'ம் இருந்தன. ஜூல்ஸ் வெர்னின் ஆழ்கடல் சாகசக் கதையான 'கடலுக்கடியில் இருபதாயிரம் லீக்குகள்' 1869-ல் அதில்தான் தொடராக வரத் தொடங்கியது. புவியியலையும் இயற்பியலையும் வானவியலையும் கதையாகக் கொடுக்க வேண்டும் என்பதே ஹெட்ஸெலின் திட்டம். 1878-ல் ஹெக்டர் மாலோ எழுதிய 'குடும்பம் இல்லாதவன்' கதையில், ரெமி என்ற சிறுவன் ஒரு தெருக்கலைஞரோடும் நாயோடும் குரங்கோடும் பிரான்ஸ் முழுக்க நடக்கிறான்.

ஆனால், வகுப்பறைக்குள் நுழைந்ததில் ஆந்த்ரே, ஜூலியன் கதைக்கு ஈடில்லை. 200-க்கும் மேற்பட்ட படங்கள், வரைபடங்கள், சின்னச் சின்ன அத்தியாயங்கள். 1881, 1882 ஆண்டுகளில் ஜூல் ஃபெரி கொண்டுவந்த சட்டங்களால் தொடக்கக் கல்வி இலவசமாகவும் கட்டாயமாகவும் ஆனது. புதிதாகப் பள்ளிக்கு வந்த ஏழைப் பிள்ளைகளின் கையில் இந்தப் புத்தகம் போய்ச் சேர்ந்தது. முதல் 10 ஆண்டுகளில் சுமார் 30 லட்சம் பிரதிகள். 1901-க்குள் சுமார் 60 லட்சம். பல வீடுகளில் இருந்த ஒரே புத்தகமாகவும் இது இருந்திருக்கும்.

சொல்லாமல் விட்டதும், சொல்லியிருக்கக் கூடாததும்

இன்று இதைத் திறப்பவர்களுக்கு நெருடலும் ஏற்படும். மனித இனங்களை நான்காகப் பிரித்து, வெள்ளை இனமே சிறந்தது என்று சொல்லும் பகுதி அதில் இருக்கிறது. அதைப் படித்து வளர்ந்த தலைமுறைகள், அது அறிவியல் உண்மை என்றே நம்பின.

லெ க்ரூஸோவின் உலைகளை வியக்கும் சிறுவர்கள், 1870-ல் அதே ஊரில் நடந்த தொழிலாளர் வேலைநிறுத்தங்களைப் பற்றி எதையும் கேள்விப்படுவதில்லை. ஊர் சுற்றுவது ஆண்பிள்ளைகள். பெண்கள் வீட்டு வாசலில் நின்று உணவும் அன்பும் தருகிறவர்கள். எழுதியவரே வீட்டைவிட்டு வெளியேறிய பெண் என்பது தெரிந்தால், இந்த மௌனம் இன்னும் உறுத்தும்.

மொழி பற்றியும் ஒரு காட்சி உண்டு. ரோன் நதிப் பக்கம் ஒரு விடுதியில், அங்குள்ளவர்கள் பேசும் வட்டார மொழி ஜூலியனுக்குப் புரியவில்லை. தனியாக உட்கார்ந்திருக்கிறான். பள்ளியிலிருந்து வரும் அந்த வீட்டுப் பிள்ளைகள் பிரெஞ்சில் பேசியதும்தான் அவன் முகம் மலர்கிறது. எல்லோரும் பள்ளிக்குப் போனால் எல்லோரும் பிரெஞ்சு பேசுவார்கள் என்பது அங்கே சொல்லப்படும் நம்பிக்கை. ஆனால், நிஜப் பள்ளிகளில் அதற்குக் கொடுத்த விலை பெரிது. பிரெத்தோன் போன்ற தாய்மொழிகளில் பேசிய பிள்ளைகளின் கழுத்தில் அவமான அடையாளம் ஒன்றைத் தொங்கவிட்ட பள்ளிகள் இருந்தன. விடுதியில் மொழி புரியாமல் விழித்த ஜூலியனின் தனிமையை எழுதிய புத்தகம், வகுப்பில் மொழி புரியாமல் விழித்த அந்தப் பிள்ளைகளின் தனிமையைப் பார்க்கவில்லை.

புத்தகமும் காலத்தோடு மாறியது. 1905-ல் அரசையும் தேவாலயத்தையும் பிரிக்கும் சட்டம் வந்ததை ஒட்டி, 1906 பதிப்பில் கடவுள் பற்றிய பேச்சுகள் நீக்கப்பட்டன. பாரிஸுக்கு வரும் சிறுவர்கள் நோத்ர்தாம் தேவாலயத்தைக்கூடப் பார்க்காமல் போனார்கள்!

வாசல் இன்றும் இருக்கிறது

முதல் உலகப் போரின் முடிவில், 1918-ல் ஃபால்ஸ்பூர் மறுபடி பிரான்ஸிடம் வந்தது. தன் கதை நாயகர்கள் இருட்டில் விட்டுப்போன ஊர் திரும்பி வந்ததைக் கேள்விப்பட, ஒகுஸ்தீன் ஃபூயே உயிரோடு இருந்தார். அப்போது அவருக்கு 85 வயது. 5 ஆண்டுகள் கழித்து, இத்தாலி எல்லையை ஒட்டிய மாந்தோன் நகரத்தில் காலமானார். இரண்டாம் உலகப் போரில் 1940 முதல் 1944 வரை ஊர் மீண்டும் ஜெர்மனியின் பிடியில் இருந்ததை அவர் பார்க்கவில்லை.

இன்று பாரிஸிலிருந்து ஸ்ட்ராஸ்பூருக்கு அதிவேக ரயிலில் இரண்டு மணி நேரத்துக்குள் வந்துவிடலாம். ஆந்த்ரேவும் ஜூலியனும் உயிரைப் பணயம்வைத்துக் கடந்த எல்லை வோஜ் மலையில் இப்போது இல்லை. அது ரைன் நதிக்குப் போய்விட்டது. அந்த நதியின் மேலும் 2017 முதல் ட்ராம் ஓடுகிறது. ஸ்ட்ராஸ்பூரில் ஏறினால், சில நிமிடங்களில் ஜெர்மனியின் கேல் நகரத்தில் இறங்கிக்கொள்ளலாம்.

பிள்ளைகளோடு அந்தப் பக்கம் போகிறவர்கள், ஒருநாள் ஒதுக்கி ஃபால்ஸ்பூர் வரை போய்வரலாம். அங்கே பார்க்க ஈஃபில் கோபுரம்போல எதுவும் இல்லை. ஒரு கல் வாசலும், அதைத் தாண்டி மலையை நோக்கிப் போகும் ஒரு சாலையும் இருக்கின்றன. அந்தச் சாலையில் கொஞ்ச தூரம் நடந்தபடியே, "உன் வயசுல ஒரு பையன் இங்கேயிருந்துதான் ராத்திரியில கிளம்பினான்" என்று ஆரம்பித்தால் போதும். 'அப்புறம் என்ன ஆச்சு?' என்ற கேள்வி தானாக வரும்.